காலி நாற்காலிக்கு ஆட்டிய தலை

அவர்கள் இருவரும் முதன்முதலாகப் பேசிக்கொண்டது ஒரு காலி நாற்காலியைப் பற்றி.

அவள் அந்தத் தொலைக்காட்சி நிலையத்தின் செய்திப் பிரிவுக்கு எடிட்டராக வந்து நான்கு நாள்தான் ஆகியிருந்தது. அதற்கு முன் எட்டு வருஷம் வேறொரு நிறுவனத்தில் தொடர் நாடகங்களை வெட்டி ஒட்டியவள். மூன்றாம் மாடியில், ஜன்னல் இல்லாத அறையில், இரண்டு திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்து ஓர் அரசியல் பேட்டியை ஓடவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். இருபத்தெட்டு நிமிஷம் ஒரு கட்சித் தலைவர் பேசினார். பிறகு எழுந்து, சட்டையில் குத்தியிருந்த மைக்கைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் போனார். கேமரா எதிர்ப்பக்கம் திரும்பியது. பேட்டி எடுத்த செய்தியாளர் அங்கே உட்கார்ந்திருந்தார். யாரும் இல்லாத திசையைப் பார்த்து மெல்லத் தலையை ஆட்டினார். கொஞ்சம் நிறுத்தினார். திரும்ப ஆட்டினார். புருவத்தைச் சுருக்கினார். ஒரு முழு நிமிஷம் இதே வேலை.

அவள் அதை மூன்றாவது தடவையாகப் பார்த்துக்கொண்டிருந்தபோது அவரே காகிதக் கோப்பையில் தேநீரோடு உள்ளே வந்தார்.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. இதுல யாருக்குத் தலையாட்டுறீங்க?" என்று கேட்டாள்.

"நாற்காலிக்கு."

"நாற்காலி என்ன சொல்லிச்சு?"

அவர் ஒரு வாய் குடித்தார். "தலைவரைவிட நியாயமாத்தான் பேசிச்சு."

பிறகு ஒரு நாற்காலியை அவள் பக்கத்தில் இழுத்துப் போட்டு விளக்கினார். "வெளியில போய் எடுக்கிற பேட்டிக்கு நமக்கு ஒரே கேமரா. அது பேசுறவர் மூஞ்சியவே பாத்துட்டு இருக்கும். அவர் பேச்சை நடுவுல வெட்டினா படம் குதிக்கும் இல்லையா? அந்தக் குதிப்பை மறைக்க என் மூஞ்சி வேணும். அதனால அவர் போனதும் முக்காலி கேமராவை என் பக்கம் திருப்புவான். ‘ஆட்டுங்கண்ணே’ம்பான். நான் ஆட்டுவேன்."

முக்காலி என்பது கேமராக்காரருக்கு அலுவலகம் வைத்த பெயர். கேமராவைக்கூட எங்காவது வைத்துவிடுவார். அதை நிறுத்தும் மூன்று கால் தாங்கியைத் தோளிலிருந்து இறக்கமாட்டார்.

"அப்ப பேட்டியில நீங்க தலையாட்டுறது எல்லாமே?"

"எல்லாமே நாற்காலிக்குத்தான்."

"பாக்குறவங்களுக்கு இது தெரியுமா சார்?"

"நீங்க எட்டு வருஷம் டிவியிலதான் இருந்தீங்க. உங்களுக்கே இப்பத்தான தெரியுது."

"சீரியல்ல ரெண்டு பேரும் ஒரே வீட்டுல நிப்பாங்க. மருமக அழறப்ப மாமியார் நிஜமாவே எதிர்ல இருப்பாங்க."

"அப்ப உங்க பழைய தொழில்தான் யோக்கியமானது" என்று சிரித்தார்.

அவள் சிரிக்கவில்லை. அவளுக்கு வேறொரு சந்தேகம். "எந்த ஆட்டலை எங்க வைக்கணும்னு எனக்கு எப்படித் தெரியும்?"

"நல்லாப் பாத்தா வித்தியாசம் தெரியும். ‘கேட்டுக்கிட்டேன்’னு ஒண்ணு இருக்கும். ‘மேல சொல்லுங்க’ன்னு ஒண்ணு. ‘நம்புற மாதிரி இல்லையே’ன்னு ஒண்ணு. மிச்சமெல்லாம் முக்காலி சொன்னானேன்னு ஆட்டினது." கோப்பையைக் கசக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு எழுந்தார். "மூஞ்சி என்னுது, கத்தரி உங்களுது. பாத்து வைங்க."

அந்தப் பேச்சு அதோடு முடிந்தது. ஆனால் அன்றிலிருந்து அந்த மனிதர்மேல் அவளுக்கு ஒரு கண் இருந்தது. வாரத்தில் நாலைந்து மணி நேரம் அவர் முகத்தையும் குரலையும் முன்னும் பின்னும் ஓட்டிப் பார்ப்பவளுக்கு, அந்த முகத்துக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்ளாமல் இருக்க முடியவில்லை. நேரில் கேட்டால் அவர் ஒற்றை வரியில் நழுவிவிடுவார். அடுத்தவர் வாயைக் கிளறியே பிழைப்பவருக்குத் தன் வாயைப் பூட்டவும் தெரிந்திருந்தது. ஆகவே இங்கே ஒரு துண்டு, அங்கே ஒரு துண்டு என்று பொறுக்கித்தான் அவருடைய கதையை அவள் சேர்த்தாள்.

அலுவலகத்தில் அவரை ‘மறுபடி’ என்றுதான் சொல்வார்கள். முகத்துக்கு நேரே ‘மறுபடி சார்’. காரணம் அவர் பேட்டி எடுக்கும் விதம். ஒரு கேள்வி கேட்பார். பதில் வரும். நன்றி சொல்லிவிட்டு வேறு விஷயங்களுக்குப் போவார். பத்து நிமிஷம் கழித்து அதே கேள்வியை, ஒரு சொல்கூட மாறாமல், முதல்முறை கேட்பதுபோலக் கேட்பார். சிலர் கோபப்படுவார்கள். சிலர் முதலில் சொன்னதையே ஒப்பிப்பார்கள். ஆனால் பலரும் இரண்டாவது பதிலில் எங்கேயாவது சறுக்குவார்கள். அமைச்சர்களின் உதவியாளர்கள் அவர் வண்டியைப் பார்த்தாலே, "மறுபடி மறுபடியும் வந்துட்டாருய்யா" என்று உள்ளே குரல் கொடுப்பார்களாம். சொன்னது முக்காலி.

அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்பதை அவருடைய மனைவி சொன்னார். மனைவி மருந்துக்கடை நடத்துபவர். கடை கீழே, வீடு மாடியில். எடிட்டருக்கு ஒற்றைத் தலைவலி உண்டு. மாத்திரை வாங்க அந்தக் கடைக்கே போகத் தொடங்கினாள். மாத்திரை அலுவலகத்துக்குப் பக்கத்திலும் கிடைக்கும் என்பது வேறு விஷயம்.

"அவரு டிவிக்கு வர்றதுக்கு முன்னாடி நாடாளுமன்றத்துல சுருக்கெழுத்து கிளார்க்கும்மா" என்றார் மனைவி, அட்டையைக் கத்தரித்துக்கொண்டே. "ஆறு வருஷம். அவங்க பேசப் பேச ஒரு வார்த்தை விடாம எழுதணும். ஒரே கேள்வியை மார்ச்ல ஒருத்தர் கேப்பாரு, ஆகஸ்ட்ல இன்னொருத்தர் கேப்பாரு. அதே அமைச்சர்தான் பதில் சொல்லுவாரு. மொத தடவை வர்றது எழுதிக் குடுத்த பதில், ரெண்டாவது தடவை வர்றதுதான் ஆளோட பதில்னு இவரு கண்டுபிடிச்சுட்டாராம். அதை வீட்டுலயும் விடல. மத்தியானம் என்ன சமைச்சேன்னு கேட்டுட்டு, கை கழுவிட்டு வந்து மறுபடியும் அதையே கேப்பாரு."

"நீங்க என்ன சொல்லுவீங்க?"

"ரெண்டாவது தடவை கேட்டா, போய் நீங்களே திறந்து பாருங்கன்னு சொல்லுவேன்."

தொலைக்காட்சிக்கு அவர் வந்தது ஒரு தேவையை ஒட்டித்தான். நாடாளுமன்றத்துக்குள் அந்தக் காலத்தில் கேமரா விடமாட்டார்கள். உள்ளே நடந்ததை வெளியே வந்து அப்படியே சொல்ல ஓர் ஆள் வேண்டியிருந்தது. முதல் நாள் வாசலில் நின்று, சுருக்கெழுத்து நோட்டைப் பார்த்தபடியே மூன்று நிமிஷம் சொன்னார். ஒருமுறைகூட நிமிரவில்லை. நாடு முழுக்க அவருடைய உச்சந்தலையைத்தான் பார்த்தது. அன்றைக்கே அவருடைய அக்கா வேறு ஊரிலிருந்து போன் செய்து, "வகிடு கோணலா இருக்குடா" என்றாராம். அதிலிருந்து இருபத்திரண்டு வருஷமாக, அவர் திரையில் வரும் ஒவ்வொரு நாளும் அக்காவின் போன் வந்துவிடும். காலர் மடிந்திருக்கிறது, இளைத்துவிட்டாய், அந்த ஆள் உன்னை முறைத்தானே நீ ஏன் சும்மா இருந்தாய். செய்தியைப் பற்றி அக்கா பேசியதே இல்லை.

இப்படியே ஒரு வருஷம் ஓடியது. அவள் வெட்டிய பேட்டிகள் வழுக்கிக்கொண்டு போயின. செய்தி ஆசிரியர், அதாவது செய்திப் பிரிவுக்கே தலைவர், இரண்டு முறை மாடி ஏறி வந்து பாராட்டினார். அந்தப் பாராட்டுத்தான் அவள் கையைக் கொஞ்சம் தளர்த்தியதோ என்னவோ.

தண்ணீர் விவகாரம் அப்போதுதான் வெடித்தது. நகரத்தின் வடக்கு ஓரத்தில் மூன்று அடுக்குமாடிக் கட்டிடங்கள். அங்கே குழாயில் பழுப்புத் தண்ணீர் வந்து, முப்பதுக்கும் மேற்பட்ட குழந்தைகள் ஆஸ்பத்திரியில் கிடந்தார்கள். குடிநீர்த் துறை தண்ணீரில் கோளாறு ஒன்றும் இல்லை என்றது. அங்கே நான்காம் மாடியில் ஒரு தையல்காரம்மா இருந்தார். அவருடைய சின்னப் பெண்ணும் ஆஸ்பத்திரியில். அந்த அம்மா துறையை நம்பாமல், வந்த தண்ணீரை ஒரு பாட்டிலில் பிடித்து, தனியார் ஆய்வுக்கூடத்தில் கொடுத்துச் சோதித்து, முத்திரை போட்ட காகிதம் வாங்கி வைத்திருந்தார். நான்கு சேனல்காரர்கள் கேட்டும் தரவில்லை. மறுபடி சாரிடம் மட்டும் ஒரு நிபந்தனையோடு இணங்கினார்.

"நீங்க ஒரே கேள்விய ரெண்டு தடவை கேக்குற ஆளு. மொதல்ல அந்தத் துறை அமைச்சரைக் கேட்டுட்டு வாங்க. அவரு என்ன சொல்றாருன்னு பாத்துட்டு இதைத் தர்றேன்" என்றார்.

அந்தக் காகிதம் இல்லாமல் துறையை அசைக்க முடியாது என்பது மறுபடி சாருக்குத் தெரியும். அமைச்சரின் பேட்டி கிடைக்கப் பதினொரு நாள் அலைந்தார். கிடைத்தது. நாற்பது நிமிஷப் பேட்டி. மாலை ஆறு மணிக்கு எடிட்டரின் கைக்கு வந்தது. ஏழரை மணிச் செய்திக்கு இரண்டரை நிமிஷமாகச் சுருக்க வேண்டும்.

பழுப்புத் தண்ணீருக்கு யார் பொறுப்பு என்று முதல்முறை கேட்டபோது அமைச்சர் சொன்னார்: "எங்க துறை மேல எந்தத் தப்பும் இல்ல. அது உங்களுக்கே தெரியும்." பத்து நிமிஷம் கழித்து அதே கேள்வி வந்தபோது, சுற்றி வளைத்துப் பேசிவிட்டு நடுவில் ஒன்றைக் கொட்டினார்: "குழாயை மாத்தணும்னு போன வருஷமே ஒரு கோப்பு வந்துது, அது உண்மைதான்."

சறுக்கல் அதுதான். அவள் உடனே பிடித்துக்கொண்டாள். முதல் பதிலின் முடிவையும் இரண்டாவது பதிலின் சறுக்கலையும் அடுத்தடுத்து வைத்தால் அமைச்சரின் வாயாலேயே அமைச்சர் மாட்டுவார். வைத்தாள். ஒட்டிய இடத்தில் படம் குதித்தது. குதிப்பை மறைக்க ஒரு முகம் வேண்டும். தொடர் நாடகத்தில் எட்டு வருஷம் படித்த பாடம் கையில் இருந்தது: கனமான வசனம் ஒன்று விழுந்தால் அடுத்து ஒரு முகம், அதுவும் அசையும் முகம். ‘உங்களுக்கே தெரியும்’ என்று அமைச்சர் சொல்லி முடித்த நொடியில், மறுபடி சார் நிதானமாக, ஒருமுறை, தலையை ஆட்டினார். ‘கேட்டுக்கிட்டேன்’ வகை ஆட்டல். அவள் அப்படித்தான் நினைத்தாள். ஓட்டிப் பார்த்தாள். தையல் தெரியாத சட்டை மாதிரி இருந்தது. அனுப்பிவிட்டாள்.

கோப்பு வந்த கதையை யாரும் காதில் வாங்கவில்லை. மறுநாள் காலைக்குள் ஐந்து நொடித் துண்டு மட்டும் கைபேசிக்குக் கைபேசி பறந்தது. ‘தப்பில்லை, உங்களுக்கே தெரியும்’ என்கிறார் அமைச்சர். ஆமாம் என்று ஆட்டுகிறார் நாட்டிலேயே மடக்கிக் கேள்வி கேட்பவர் என்று பெயர் வாங்கியவர். அமைச்சரின் கட்சி அதற்குப் பின்னால் இசை சேர்த்து வெளியிட்டது. எதிர்க்கட்சி, ஆள் விலைபோய்விட்டார் என்றது. மருந்துக்கடையில் இருமலுக்கு மருந்து வாங்க வந்தவர், "உங்க வீட்டுக்காரரு கட்சியில சேந்துட்டாராமே, எப்ப எலெக்‌ஷன்ல நிக்கிறாரு?" என்று கேட்டிருக்கிறார். "இருமலுக்குத்தான் மருந்து இருக்கு, இதுக்கு இல்ல" என்று மனைவி பொட்டலத்தை நீட்டினாராம். அக்கா அன்று காலரைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. "உன்னை யாருடா ஆட்டச் சொன்னது?" என்று மட்டும் கேட்டுவிட்டு வைத்துவிட்டார்.

அன்று மத்தியானமே அவரும் முக்காலியும் நான்கு மாடி ஏறிப் போனார்கள். தையல்காரம்மா கதவைப் பாதிதான் திறந்தார். "நீங்கதான் ஒத்துக்கிட்டீங்களே. என் பேப்பர் எதுக்கு?" கதவு சாத்திக்கொண்டது.

இதை முக்காலி வந்து சொன்னபோது எடிட்டர் ஓடிக்கொண்டிருந்த படத்தை அப்படியே விட்டு எழுந்தாள். மாடிப்படியில் மறுபடி சாரை மறித்துக்கொண்டு சொன்னாள். "சார், அது என் தப்பு. நான் வச்ச ஆட்டல். நான் எழுதிக் குடுத்துடுறேன்."

"என்னன்னு எழுதுவீங்க?"

"நான் தப்பா வெட்டிட்டேன்னு."

"ஆட்டினது என் தலை. அதை வெட்டினது வேற ஆளுன்னு நான் எப்படிச் சொல்றது?" அவர் குரலில் கோபம் இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை. "இருபத்திரண்டு வருஷமா நாற்காலிக்கு ஆட்டிட்டு இருக்கேன். என்னைக்காவது ஒருநாள் அது திரும்பி வரும்னு யோசிச்சிருக்கணும்."

அவர் நேரே செய்தி ஆசிரியரிடம் போனார். நடந்ததை நேயர்களிடம் சொல்லிவிடலாம் என்றார். செய்தி ஆசிரியரின் அறைக் கதவு கண்ணாடிக் கதவு. வெளியே நின்ற அவளுக்குப் பேச்சு நன்றாகவே கேட்டது.

"என்னய்யா சொல்லப்போற? பேட்டியில நான் ஆட்டுறதெல்லாம் பொய்ன்னா? எல்லா சேனலும் இப்படித்தான் செய்யுது. நீ ஒருத்தன் சொன்னா எல்லார் தலையும் உருளும். ரெண்டு நாள் வாயைத் திறக்காம இரு. அடுத்த கூத்து வந்ததும் இதை மறந்துடுவாங்க."

"அந்தம்மா மறக்கமாட்டாங்க. காகிதம் அவங்ககிட்டதான் இருக்கு."

"வேற காகிதம் தேடு."

மறுநாள் மாலை ஏழு மணிக்கு மறுபடி சார் நடத்தும் நேரலை விவாதம். நேரலை என்பதால் எடிட்டருக்கு அதில் வேலை இல்லை. ஆனாலும் கட்டுப்பாட்டு அறையின் மூலையில் போய் நின்றாள். விவாதம் முடிந்தது. விருந்தினர்கள் எழுந்து போய்விட்டார்கள். முடிவுரைக்கு ஒரு நிமிஷம் இருந்தது. மறுபடி சார் முடிவுரையைப் படிக்கவில்லை.

"ரெண்டாவது கேமரா, எதிர்ல இருக்கிற நாற்காலியைக் கொஞ்சம் காட்டுங்க" என்றார். அந்தக் கேமராவில் நின்றது முக்காலி. காட்டினார். காலி நாற்காலி. "இப்ப என்னைக் காட்டுங்க." காட்டினார். அவர் நிதானமாக ஒருமுறை தலையை ஆட்டினார். "நீங்க பாத்த ஆட்டல் இதுதான். அமைச்சர் எழுந்து போனப்புறம் எடுத்தது. இத்தனை வருஷம் நான் எடுத்த பேட்டிகள்லயும் இப்படித்தான். இதை முன்னாடியே உங்ககிட்ட சொல்லியிருக்கணும். சொல்லல. வணக்கம்."

கட்டுப்பாட்டு அறையில் செய்தி ஆசிரியர் எழுந்து நின்றவர் நின்றவர்தான். யார் வெட்டினார்கள் என்பதைப் பற்றி மறுபடி சார் ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை என்பது அவளுக்குச் சற்று நேரம் கழித்துத்தான் உறைத்தது.

மறுநாள் கடிதம் வந்தது. இரண்டு மாதம் திரைக்கு வரக் கூடாது. அதுவரை அடித்தளத்தில் இருக்கும் டேப் அறையில் உட்கார்ந்து பழைய பதிவுகளைப் பட்டியல் போட வேண்டும். முக்காலிக்கும் ஒரு கடிதம் வந்தது, நாற்காலியைக் காட்டியதற்காக. "காட்டச் சொன்னாரு, காட்டினேன். நாற்காலி நிறுவனத்துதுதான" என்று பதில் எழுதிக் கொடுத்தார்.

ஆனால் நடந்ததற்கெல்லாம் பொருள் அந்த நான்காம் மாடிக் கதவு திறப்பதில்தான் இருந்தது. அந்த வாரக் கடைசியில் மறுபடி சார் அங்கே கிளம்பியபோது, "நானும் வர்றேன் சார்" என்றாள் எடிட்டர். 

இந்த முறை கதவு திறந்திருந்தது. தையல்காரம்மா இயந்திரத்தின் முன் உட்கார்ந்து ஒரு பள்ளிச் சீருடையைத் தைத்துக்கொண்டிருந்தார். சின்னப் பெண் ஆஸ்பத்திரியிலிருந்து வந்துவிட்டிருந்தாள். கட்டிலில் படுத்து, வந்தவர்களை வேடிக்கை பார்த்தாள்.

"அம்மா, தப்பு என்னோடது" என்று ஆரம்பித்தாள் எடிட்டர்.

"நீங்க யாரு?"

"அந்தப் பேட்டியை வெட்டி ஒட்டினவ."

"ஓ. நானும் வெட்டி ஒட்டுறவதான். தப்பா வெட்டிட்டா பிரிச்சுத் தைக்கணும். அதை அவரு டிவியில தைச்சுட்டாரு, நானும் பாத்தேன்." அந்த அம்மா இயந்திரத்தை நிறுத்தி அவர் பக்கம் திரும்பினார். "நாற்காலிக்கு ஆட்டினீங்க, புரியுது. நான் கேக்குறது வேற. ஆள் எதிர்ல இருந்தப்ப ஆட்டினீங்களா, ஆட்டலையா?"

"அப்ப கேமரா அவர் பக்கம் இருந்துதும்மா" என்றார் அவர்.

தையல்காரம்மா இயந்திரத்தின் பக்கம் திரும்பிக்கொண்டார். சீருடையைத் திருப்பிப் போட்டு ஒரு பக்கம் முழுக்கத் தைத்தார். நூலைப் பல்லால் கடித்து அறுத்தார். பிறகு அதே குரலில் கேட்டார். "ஆள் எதிர்ல இருந்தப்ப ஆட்டினீங்களா, ஆட்டலையா?"

எடிட்டர் அவர் முகத்தைப் பார்த்தாள். ஒரு வருஷமாக முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்த முகம். அதில் இப்படி ஒரு தடுமாற்றத்தை அவள் பார்த்ததில்லை.

"தெரியலம்மா" என்றார். "நிஜமாவே தெரியல. கேக்குறப்ப பதிலைத்தான் கவனிப்பேன். என் தலை என்ன பண்ணுதுன்னு நான் பாத்ததில்ல."

"தெரிஞ்சுக்கிட்டு வாங்க. பேப்பர் எங்கயும் போகாது."

இறங்கும்போது இரண்டாம் மாடித் திருப்பத்தில் அவர் நின்றார். கைப்பிடிச் சுவரில் கையை ஊன்றிக்கொண்டார். கீழே யாரோ வாளியில் தண்ணீர் சுமந்து ஏறி வரும் சத்தம். ஒதுங்கி வழிவிட்டார்கள்.

"டேப் அறையில இருபத்திரண்டு வருஷம் இருக்கு" என்றார் அவர். "என் பேட்டியைச் சொல்லல. மத்தவங்க எடுத்தது. பத்திரிகையாளர் கூட்டம், நாடாளுமன்ற வாசல், பதவியேற்பு. அதுல எங்கயாவது ஒரு ஓரமா நான் நின்னுட்டு இருப்பேன், யாரோ பெரிய ஆளு பேசுறதைக் கேட்டுட்டு. கேமரா என்னைப் பாக்குதுன்னு எனக்கே தெரியாது."

அவள் தலையசைக்கப் போனவள், நிறுத்திக்கொண்டாள்.

"நான் பாத்தா எனக்குச் சாதகமா பாத்துடுவேன். அதனால உங்களைக் கேக்குறேன். அந்த டேப்பையெல்லாம் நீங்க போட்டுப் பாருங்க. நான் யார் பேசுறப்ப ஆட்டுறேன், யார் பேசுறப்ப ஆட்டாம நிக்கிறேன்னு எழுதுங்க. எதையும் வெட்டாதீங்க. எழுதி முடிச்சதும் என்கிட்ட கொண்டு வராதீங்க. நேரா நாலாவது மாடிக்குப் போய் அந்தம்மாகிட்ட மொதல்ல சொல்லுங்க. அவங்க கேட்டு முடிச்சப்புறம் நான் கேட்டுக்கிறேன்."